தொலைந்த கேம் கார்ட்ரிட்ஜைத் தேடுவதா, இன்னொன்று வாங்கிவிடுவதா?

கேள்வி: சின்ன வயதில் ஆடிய கையடக்க கேம் கார்ட்ரிட்ஜ் ஒன்று தொலைந்துவிட்டது. வீட்டைத் தேடிப் பார்ப்பதா, பேசாமல் இன்னொன்று வாங்கிவிடுவதா?

பதில்:

எந்தக் கன்சோல் என்று நீங்கள் சொல்லவில்லை. அது தெரியாமல் இதற்கு ஒழுங்கான பதில் கிடையாது. இருந்தாலும் "வாங்கிடுங்க, ஈசியா கிடைக்கும்" என்று யாராவது ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். "சின்ன வயதில்" என்கிறீர்கள், அதனால் கேம் பாய் அட்வான்ஸ் அல்லது நின்டெண்டோ டிஎஸ் காலத்தது என்று எடுத்துக்கொள்கிறேன். போக்கிமானாகவும் இருக்கலாம், இப்படிக் கேட்பவர்கள் பெரும்பாலும் அதைத்தான் தொலைத்திருப்பார்கள்.

தேடுவதா வாங்குவதா என்பதை முடிவு செய்வது ஒரே விஷயம்: உங்கள் சேவ், அதாவது ஆட்டத்தில் நீங்கள் எட்டிய இடத்தின் பதிவு, எங்கே இருந்தது?

நின்டெண்டோ ஸ்விட்ச் என்றால் கவலையே வேண்டாம். சேவ் கன்சோலின் உள் நினைவகத்தில் இருக்கிறது, கேம் கார்டில் இல்லை, மைக்ரோ எஸ்டியிலும் இல்லை. அதே கேமின் வேறொரு கார்டைச் செருகினாலோ டிஜிட்டலாக வாங்கினாலோ விட்ட இடத்திலிருந்து ஆடலாம். முன்பு இருந்த அதே பிராந்தியப் பதிப்பாகப் பார்த்து வாங்குங்கள். ஸ்விட்ச்சில் பிராந்தியப் பூட்டு (வேறு நாட்டுப் பதிப்பு ஓடாதபடி செய்யும் தடை) இல்லைதான். ஆனால் டிஎல்சி, அதாவது கேமுக்குக் கூடுதலாக வாங்கி இறக்கிய பகுதிகள், கார்டின் பிராந்தியத்தோடு ஒத்துப்போனால்தான் வேலை செய்யும். இடைப்பட்ட நாளில் இடம் போதவில்லை என்று சேவ் டேட்டாவை அழித்துவிடாதீர்கள். கேமை நீக்குவது வேறு, சேவை நீக்குவது வேறு.

கேம் பாய், கேம் பாய் அட்வான்ஸ், டிஎஸ் மூன்றிலும் கதை தலைகீழ். சேவ் கார்ட்ரிட்ஜுக்குள்ளேயே இருக்கிறது. 3டிஎஸ் கார்டிலும் பொதுவாக அப்படித்தான். அப்டேட்டும் டிஎல்சியும் மட்டும் எஸ்டி கார்டில். இவற்றுக்கு இன்னொரு பிரதி வாங்கினால் கேம் வரும், உங்கள் 200 மணி நேரம் வராது. அந்த சேவ் முக்கியமென்றால் தேடுங்கள். மறுபடி ஆட ஆசை, அவ்வளவுதான் என்றால் தேடலில் ஒரு நாளுக்கு மேல் செலவழிக்க வேண்டியதில்லை.

இதிலும் ஒரு கிளை உண்டு. பழைய கேம் பாய் கார்ட்ரிட்ஜ்களில் சேவ் இருப்பது எஸ்ரேம் என்ற சிப்பில், மின்சாரம் நின்றால் அது எல்லாவற்றையும் மறந்துவிடும். அதைக் காப்பது ஒரு நாணய பேட்டரி. போக்கிமான் கோல்டு, சில்வர், கிரிஸ்டல் மூன்றிலும் அது சிஆர்2025. அதே பேட்டரிதான் கடிகாரத்தையும் ஓட்டுகிறது, அதனால் சீக்கிரம் தீர்ந்துவிடும். 1999-2001 காலத்துப் பேட்டரி இன்னும் மாற்றப்படாமல் இருந்தால், கார்ட்ரிட்ஜ் கிடைத்தாலும் உள்ளே சேவ் இருக்க வாய்ப்பு குறைவு. கேம் பாய் அட்வான்ஸில் வந்த போக்கிமான் ரூபி, சஃபையர், எமரால்டில் அப்படியில்லை. அங்கே சேவ், மின்சாரம் இல்லாமலே நினைவில் வைத்திருக்கும் ஃபிளாஷ் சிப்பில். சிஆர்1616 பேட்டரி கடிகாரத்துக்கு மட்டும். ஆன் செய்ததும் உள் பேட்டரி தீர்ந்துவிட்டது என்று சொல்லும், கேமுக்குள் செடிகளில் பழம் வளராது, ஆனால் சேவ் பத்திரமாக இருக்கும். இவை தொலைந்திருந்தால் தேடுவதில் அர்த்தம் இருக்கிறது.

"ரோம் (கேமின் கோப்பு நகல்) இறக்கி எமுலேட்டரில் (கன்சோலைப் போல நடிக்கும் மென்பொருளில்) ஆடலாமே" என்று கீழே எழுத வருபவர்களுக்கு: ஆடலாம் என்று எனக்கும் தெரியும். பிறர் ஏற்றி வைத்த ரோமை இறக்குவதில் காப்புரிமைச் சிக்கல் இருப்பது ஒருபுறம் இருக்கட்டும், அந்த ரோமில் கேள்வி கேட்டவருடைய சேவ் இல்லை. கேள்வியே தொலைந்த கார்ட்ரிட்ஜைப் பற்றியது.

சரி, தேடுவது. அலமாரியைக் கலைப்பதற்கு முன் கன்சோல்களின் ஸ்லாட்டுகளைப் பாருங்கள். கார்ட்ரிட்ஜ் கடைசியாகச் செருகிய இடத்திலேயே இருந்துவிடுவது சாதாரணம். கேம் பாய் அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜ் என்றால் வீட்டில் இருக்கும் டிஎஸ்ஸைத் திருப்பி இரண்டாவது ஸ்லாட்டைப் பாருங்கள். டிஎஸ் லைட்டில் அது வெளியே நீட்டிக்கொண்டு நிற்கும். 2004-இல் வந்த முதல் டிஎஸ்ஸில் விளிம்போடு விளிம்பாக உட்கார்ந்துவிடுவதால் கண்ணில் படாது. கேம்கியூப் இருந்தால் அதன் அடியில் மாட்டும் கேம் பாய் பிளேயர், நின்டெண்டோ 64 இருந்தால் கன்ட்ரோலரின் பின்னால் செருகும் டிரான்ஸ்ஃபர் பேக், சூப்பர் நின்டெண்டோ இருந்தால் சூப்பர் கேம் பாய்: கையடக்கக் கார்ட்ரிட்ஜைச் செருகும் இந்த இணைப்புக் கருவிகளையும் பாருங்கள். பரணில் ஏறிய பெட்டியோடு இவையும் ஏறியிருக்கும், உள்ளே கார்ட்ரிட்ஜோடு.

அடுத்தது கேம் பெட்டிகள். எல்லாவற்றையும் திறங்கள், தொலைந்த கேமின் பெட்டியை மட்டுமல்ல. டிஎஸ் கேம் பெட்டிகள் பலவற்றில் உள்பக்கம் இடதுபுறம் ஒரு கேம் பாய் அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜ் வைக்க இடம் இருக்கும். கையேட்டுக்கு அடியில் இருப்பதால் பலர் கவனிப்பதில்லை. பெட்டியை விற்றவர்கள், கொடுத்தவர்கள் இந்த இடத்தைப் பார்க்காமலே கொடுத்திருப்பார்கள். யாரிடம் கொடுத்தீர்கள் என்று நினைவிருந்தால் கேளுங்கள்.

அப்புறம்தான் வீடு. அளவு தெரிந்தால் எங்கே விழும் என்பது தெரியும். டிஎஸ் கார்டு 35க்கு 33 மில்லிமீட்டர், தடிமன் 3.8. ஸ்விட்ச் கார்டு 31க்கு 21. இவை சோபாவின் முதுகு மடிப்பில் இறங்கும், கார் சீட்டின் தண்டவாளத்துக்குள் போகும், வாக்குவம் கிளீனர் பைக்குள் போகும். கேம் பாய் அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜ் சுமார் 57க்கு 35 என்பதால் வாக்குவத்தில் போகாது. பையின் கிழிந்த உள்துணிக்கும் வெளித்துணிக்கும் நடுவில் நிற்கும். பையின் அடிப்பகுதியை வெளியிலிருந்து அழுத்தித் தடவுங்கள். சோபாவுக்கு மடிப்பில் கைவிட்டால் மட்டும் போதாது. கவிழ்த்து, அடியில் ஸ்டேபிள் அடித்த மெல்லிய துணியைத் தட்டிப் பாருங்கள். உள்ளே ஏதாவது உருண்டால் அந்த ஸ்டேபிள்களில் நாலைந்தைப் பிடுங்கினால் போதும், மறுபடி அடித்துக்கொள்ளலாம். தரைக்கு: விளக்கை அணைத்து டார்ச்சைத் தரையோடு தரையாகப் படுக்க வைத்து அடியுங்கள். சாம்பல் நிறக் கார்டு சாம்பல் நிறத் தரையில் தெரியாது, அதன் நீண்ட நிழல் தெரியும்.

கைக்குழந்தை உள்ள வீட்டில் ஸ்விட்ச் கார்டு என்றால் ஒரு துணைக்குறிப்பு: வாயில் போடாமல் இருக்க அந்தக் கார்டில் டெனடோனியம் பென்சோயேட் என்ற கடும் கசப்புப் பூச்சு இருக்கிறது. பழைய கார்ட்ரிட்ஜ்களில் அது இல்லை.

வெளியில் தொலைத்திருந்து, கண்டெடுத்தவர் வைத்திருக்கிறார் என்றால் உங்களுடையது என்று நிரூபிக்க சேவே போதும். போட்டிருந்த பெயர், முதல் போக்கிமான், எந்த ஊரில் சேவ் செய்தீர்கள் என்று சொல்லுங்கள். அவர் ஆன் செய்து பார்க்கட்டும்.

வாஷிங் மெஷினில் கிடைத்தால் உடனே கன்சோலில் செருகாதீர்கள். ஈரத்தில் மின்சாரம் பாய்ந்தால்தான் சிப் போகும், சும்மா நனைந்ததால் போவது அபூர்வம். கேம் பாய் அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜுக்குப் பின்னால் ஒரே ஒரு மூன்று சிறகு ஸ்க்ரூ, அதற்குரிய டிரை-விங் டிரைவர். கேம் பாய் கார்ட்ரிட்ஜுக்கு 3.8 மில்லிமீட்டர் கேம்பிட் டிரைவர். கழற்றி, சோப்புத் தண்ணீரின் படிவு போக 90 சதவீதத்துக்கு மேற்பட்ட ஐசோபுரோப்பைல் ஆல்கஹாலில் போர்டைக் கழுவி, இரண்டு நாள் காற்றில் காய வையுங்கள். ஹேர் டிரையர் வேண்டாம். டிஎஸ் கார்டுக்கு ஸ்க்ரூ கிடையாது. உடைக்காமல் அப்படியே காய விடுங்கள்.

கிடைக்கவில்லையா? இனி வாங்குவது. இங்கேதான் பெரும்பாலோர் ஏமாறுகிறார்கள். போக்கிமான் கேம் பாய் அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜ்களில் போலி மலிந்து கிடக்கிறது. "ரீப்ரோ", அதாவது மறுதயாரிப்பு நகல், என்று சொல்லி விற்பவரையாவது மன்னிக்கலாம், ஒரிஜினல் படத்தைப் போட்டுப் போலியை அனுப்புபவரை என்ன செய்வது?

விற்பவரிடம் நாலு படம் கேளுங்கள்: முன்பக்கம், பின்பக்கம், கீழே தங்க நிறத் தொடுமுனைகள் தெரியும் விளிம்பு, லேபிளைச் சாய்த்து வெளிச்சத்தில் பிடித்தது. தேதி எழுதிய காகிதத்தோடு இருந்தால் இன்னும் நல்லது. விளிம்புப் படத்தில் தொடுமுனைகளுக்கு மேலே போர்டில் நின்டெண்டோ என்று அச்சிட்டிருக்க வேண்டும். சாய்த்த படத்தில் லேபிளின் மேல் மை இல்லாமல் அழுத்திய இரண்டு இலக்க எண் தெரிய வேண்டும், சிலவற்றில் கூடவே ஓர் எழுத்தும் இருக்கும். லேபிளின் குறியீட்டையும் சரிபாருங்கள். அமெரிக்கப் பதிப்பு எமரால்டுக்கு AGB-BPEE, போக்கிமான் ஃபயர் ரெட்டுக்கு AGB-BPRE. கோட்டுக்குப் பின் வரும் நாலெழுத்தின் கடைசி எழுத்து பிராந்தியத்தைச் சொல்லும்: ஜப்பானுக்கு J, அமெரிக்காவுக்கு E. கேம் பாய் அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜுக்குப் பிராந்தியப் பூட்டு இல்லை, எதுவும் ஓடும். ஆனால் ஜப்பானியப் பதிப்பு வந்து சேர்ந்தால் படிக்கப்போவது நீங்கள்தான்.

இந்த அடையாளங்களில் ஏதாவது ஒன்றை மட்டும் வைத்துத் தீர்ப்புச் சொல்லாதீர்கள். அழுத்திய எண்ணைக்கூட இப்போது போலியில் போடுகிறார்கள். உறுதியாகத் தெரிய வேண்டுமென்றால் போர்டைப் பார்க்க வேண்டும். எமரால்டின் ஓடு கண்ணாடிப் பச்சை, வெளியிலிருந்தே பேட்டரி தெரியும், தெரியாவிட்டால் சந்தேகப்படுங்கள். ஃபயர் ரெட், லீஃப் கிரீனில் கடிகாரமே இல்லை, எனவே பேட்டரியும் இருக்கக் கூடாது. உள்ளே நாணய பேட்டரி இருந்தால் அது போலி, வாதமே வேண்டாம். போர்டில் கால்கள் உள்ள சிப்புக்குப் பதில் கறுப்புப் பசைக் கட்டி ஒன்று இருந்தாலும் அப்படித்தான். ஆன் செய்ததும் 1எம் சர்க்யூட் போர்டு இல்லை என்று செய்தி வந்தால் சேவ் சிப்பை கேம் கண்டுகொள்ளவில்லை என்று பொருள். போலியில் அடிக்கடி வரும், ஒரிஜினலில் அழுக்கான தொடுமுனையாலும் வரும், துடைத்துவிட்டு மறுபடி பாருங்கள்.

டிஎஸ் லைட்டும், டிஎஸ் போக்கிமான் கேம்களான டயமண்ட், பேர்ல், பிளாட்டினத்தில் ஒன்றும் கையில் இருந்தால் இன்னொரு சோதனை: அந்தக் கேமையும் சோதிக்க வேண்டிய எமரால்டையும் டிஎஸ் லைட்டில் செருகி டிஎஸ் கேமைத் தொடங்குங்கள். மெனுவில் எமரால்டிலிருந்து மாற்று என்கிற தேர்வு வந்தால் நல்ல அறிகுறி. பல போலிகள் இங்கே பல்லிளிக்கும்.

டிஎஸ்ஸில் போக்கிமான் ஹார்ட் கோல்டு, சோல் சில்வர், பிளாக், ஒயிட் கார்டுகளுக்குள் அகச்சிவப்புக் கதிர் வசதி உண்டு. அதனால் ஒரிஜினலின் ஓடு சாதாரணச் சாம்பல் நிறத்தில் இருக்காது, நல்ல கறுப்பு. பலத்த வெளிச்சத்துக்கு நேரே பிடித்தால் கருஞ்சிவப்பாக ஊடுருவித் தெரியும். சாம்பல் நிற ஹார்ட் கோல்டை யாராவது நீட்டினால் நகர்ந்துவிடுங்கள்.

3டிஎஸ் கார்டுக்குப் பிராந்தியப் பூட்டு உண்டு, கன்சோலின் பிராந்தியம் பார்த்து வாங்குங்கள். அதன் இணையக் கடையில் 2023 மார்ச் 27-ஓடு விற்பனை நின்றுவிட்டது. முன்பே வாங்கியதை மறுபடி இறக்கலாம், புதிதாக வாங்க முடியாது. ஆக அங்கே கார்டு ஒன்றே வழி.

பெட்டியும் கையேடும் உங்களிடம் இருக்கிறதென்றால் கார்ட்ரிட்ஜ் மட்டும் வாங்குங்கள். முழு செட்டுக்குக் கொடுக்கும் கூடுதல் விலை அட்டைக்குக் கொடுப்பது. இதைச் சொன்னால் சேகரிப்பாளர்கள் சண்டைக்கு வருவார்கள். வரட்டும். ஆடவே ஆடாத கேமைக் கண்ணாடிப் பெட்டிக்குள் சீல் வைத்து மதிப்பெண் போட்டு விற்பவர்களால்தான் ஆடுகிறவர்களுக்கு விலை ஏறுகிறது. இன்னொரு பக்கம், 2025-இல் வந்த ஸ்விட்ச் 2-க்கு "கேம்-கீ கார்டு" என்று ஒன்று விற்கிறார்கள். அதற்குள் கேமே இல்லை, இறக்குவதற்கான சாவி மட்டும். ஆட வேண்டுமென்றால் கார்டும் செருகியிருக்க வேண்டும். தொலைத்தால் டிஜிட்டலில் வாங்கியவருக்கு இருக்கும் பாதுகாப்பும் இல்லை, முழு கார்ட்ரிட்ஜ் வைத்திருப்பவருக்கு இருக்கும் நிறைவும் இல்லை. கேள்விக்குச் சம்பந்தமில்லாததுதான், ஆனாலும் யாராவது சொல்ல வேண்டும்.

வந்ததும் ஊதாதீர்கள். மூச்சின் ஈரம் தொடுமுனையை அரிக்கும். காட்டன் பட்ஸை அதே ஆல்கஹாலில் நனைத்து, தொடுமுனையின் நீளவாக்கில் துடையுங்கள். பஞ்சில் கறுப்பு வருவது நிற்கும்வரை. கேம் பாயில் நின்டெண்டோ எழுத்துக்குப் பதில் கறுப்புக் கட்டம் வந்து நின்றால் பயப்பட வேண்டாம். கார்ட்ரிட்ஜில் இருக்கும் லோகோவைக் கன்சோல் தன்னிடமுள்ளதோடு ஒப்பிட்டுப் பார்த்துத்தான் கேமைத் தொடங்கும். அதைப் படிக்க முடியாததால் வந்த கட்டம் அது, பெரும்பாலும் அழுக்கு.

பிறகு சேவ் சோதனை. சேவ் செய்து, அணைத்து, கார்ட்ரிட்ஜை வெளியே எடுத்து ஓர் இரவு வைத்திருந்து மறுநாள் பாருங்கள். பேட்டரி வகையில் காணாமல் போயிருந்தால் பேட்டரி தீர்ந்தது. கார்ட்ரிட்ஜுக்கு ஏற்ப, தகடு பற்றவைத்த சிஆர்2025 அல்லது சிஆர்1616 வாங்கி சால்டர் செய்ய வேண்டும். டேப் ஒட்டிச் சமாளிப்பது நாளடைவில் தொடர்பு விட்டுப்போய் மறுபடி சேவைத் தின்னும். கார்ட்ரிட்ஜில் பழைய உரிமையாளரின் சேவ் இருந்தால், கேம் பாய் முதல் டிஎஸ் வரையிலான போக்கிமானில் தலைப்புத் திரையில் மேல் அம்பு, செலக்ட், பி மூன்றையும் சேர்த்து அழுத்தினால் அழிக்கட்டுமா என்று கேட்கும்.

கடைசியாக, புதிதாக வாங்கிய பிறகு பழையது கிடைத்தால் இரண்டில் ஒன்றை அவசரப்பட்டு விற்காதீர்கள். ஜிபி ஆபரேட்டர் அல்லது ஜிபிஎக்ஸ்கார்ட் போன்ற யுஎஸ்பி ரீடரில் பழையதைச் செருகினால் சேவைக் கணினிக்கு எடுத்து, அதே பதிப்பாக இருந்தால் புதியதில் எழுதிவிடலாம். ரீடர் இல்லாவிட்டால் இரண்டு கேம் பாய் அட்வான்ஸும் ஒரு லிங்க் கேபிளும் தேவை, போக்கிமான்களை ஒவ்வொன்றாக டிரேட் செய்ய வேண்டியதுதான். டிஎஸ் வழியாக நான்காம் தலைமுறைக்கு, அதாவது டயமண்ட், பேர்ல் வரிசைக் கேம்களுக்கு, ஏற்றுவதென்றால் ஒரு தடவைக்கு 6, அதுவும் ஒருவழிப் பாதை, திரும்பக் கொண்டுவர முடியாது.