கப்பலுக்கு முன் கோயம்பேடு: மலைப்பழக் கேள்வி-பதில்

பழனி மலையிலிருந்தும் நீலகிரியிலிருந்தும் இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஏற்றுமதியைப் பற்றியவை. இறக்குமதியைப் பற்றிக் கேட்டவர்கள் இரண்டே பேர். இந்தக் கணக்கு எனக்குக் கவலை தருகிறது. காரணம் கீழே வரும்.

கேள்வி (உதகை): கிலோ 50 ரூபாய்க்குக் குறைந்த வெளிநாட்டு ஆப்பிளுக்குத் தடை என்றார்களே? எங்கள் மார்க்கெட்டில் இன்றும் வெளிநாட்டு ஆப்பிள்தான் குவிந்திருக்கிறது.

தடை விலைக்குத்தான், ஆப்பிளுக்கு இல்லை. 2023 மே மாதம் கொண்டுவந்த விதி அது. கப்பல் கூலி, காப்பீடு எல்லாம் சேர்த்து நம் துறைமுகத்தில் கிலோ 50 ரூபாய்க்குக் கீழே விலை காட்டும் ஆப்பிளை இறக்க முடியாது. பூட்டானுக்கு மட்டும் விலக்கு. அதன்மேல் 50 சதவீத வரியைச் சேர்த்தால் 75 ரூபாய். லாரி, குளிர்கிடங்கு, மண்டிக் கமிஷன் எல்லாம் போட்டு உதகைக்கு வரும்போது என்ன விலை ஆகும் என்று கூட்டிப் பாருங்கள். அந்த விலைக்கும் வாங்க ஆள் இருப்பதால்தான் வருகிறது. பூச்சிக் காரணத்தைச் சொல்லி 2017-இல் சீன ஆப்பிளை நிறுத்தினோம். அந்த இடத்தை இரானும் துருக்கியும் பிடித்துக்கொண்டன. அமெரிக்க ஆப்பிளுக்கு 2019-இல் போட்ட கூடுதல் 20 சதவீத வரியும் 2023 செப்டம்பரில் போய்விட்டது. காஷ்மீர், இமாச்சல் அறுவடை நவம்பரோடு ஓய்ந்துவிடும். கோடையில் உங்கள் கடைக்காரர் கிடங்கில் வைத்த காஷ்மீர் பழத்தை விற்க வேண்டும், அல்லது அப்போதுதான் பறித்த நியூசிலாந்து, சிலி பழத்தை விற்க வேண்டும். அவரைக் குறை சொல்ல ஒன்றுமில்லை.

கேள்வி (ஊர் குறிப்பிடவில்லை): பழ ஏற்றுமதி செய்ய விரும்புகிறேன். வழிமுறைகளை விரிவாக எழுதவும்.

என்ன பழம், எத்தனை டன், எந்த நாடு? மூன்றில் ஒன்றைக்கூட எழுதாமல் விரிவான பதில் கேட்டால் நான் என்ன எழுத முடியும்? ஏற்றுமதி-இறக்குமதிக் குறியீட்டு எண், அபீடா (மத்திய அரசின் வேளாண் ஏற்றுமதி வாரியம்) பதிவு, உணவுப் பாதுகாப்பு உரிமம், ஒவ்வொரு சரக்குக்கும் பூச்சி, நோய் இல்லை என்னும் பயிர்நலச் சான்று ஆகியவை வேண்டும். இந்தக் காகிதங்களைச் சில வாரங்களில் வாங்கிவிடலாம். ஆனால் 2014 மே மாதம் ஐரோப்பிய ஒன்றியம் நம் மாம்பழத்துக்குக் கதவை அடைத்ததே, அது காகிதக் குறையாலா? பெட்டிக்குள் பழ ஈ இருந்ததால். கதவு திறக்க அடுத்த ஜனவரி ஆயிற்று. ஒழுங்காக அனுப்பியவர்களும் அந்தப் பருவத்தை இழந்தார்கள். முதலில் வாங்குபவர் யார் என்று கண்டுபிடியுங்கள். பிறகு எனக்கு மறுபடி எழுதுங்கள், ஊர்ப் பெயரோடு.

கேள்வி (தாண்டிக்குடி): காப்பித் தோட்டத்தில் நாலு ஏக்கருக்கு பட்டர் ஃப்ரூட் (அவகாடோ) மரங்கள் இருக்கின்றன. வியாபாரிகள் அடிமாட்டு விலைக்குக் கேட்கிறார்கள். துபாய்க்கு நேரடியாக அனுப்பினால் கட்டுபடியாகுமா?

ஆகாது. ஏன் ஆகாது என்பதைக் கொஞ்சம் நீட்டித்தான் சொல்லப்போகிறேன். இதே கேள்வி பண்ணைக்காடு, கே.சி.பட்டி, பெருமாள்மலை என்று எல்லாத் திசையிலிருந்தும் வருகிறது.

துபாயை விடுங்கள். சென்னையிலும் பெங்களூரிலும் பெரிய கடைகளுக்குப் போய்ப் பாருங்கள். கறுத்த தோலோடு கைக்கு அடக்கமாக இருக்கும் ஹாஸ் ரகம் அடுக்கியிருக்கும். அதில் பெரும்பகுதி தான்சானியாவிலிருந்து வருவது. வளர்ச்சி குறைந்த நாடுகளுக்கு இந்தியா தரும் சலுகையில் அது வரியில்லாமல் இறங்குகிறது. மற்ற நாட்டுச் சரக்குக்குப் பொதுவரி 30 சதவீதம். ஆஸ்திரேலியாவோடு 2022 டிசம்பரில் நடைமுறைக்கு வந்த ஒப்பந்தப்படி அவர்களுக்கும் இந்த வரி ஏழு ஆண்டுகளில் படிப்படியாகக் கரைந்துவிடும். தான்சானியாவின் பருவமும் நம் பருவமும் பல மாதங்கள் ஒன்றோடொன்று மோதுகின்றன. உங்கள் தோட்டத்திலிருந்து ஒரு ராத்திரி லாரிப் பயணத்தில் இருக்கும் சந்தையை, கடல் கடந்து வாரக்கணக்கில் பயணம் செய்து வரும் பழம் பிடித்துக்கொண்டிருக்கிறது. நீங்கள் துபாயைப் பற்றிக் கேட்கிறீர்கள்.

அந்தப் பழம் எப்படி ஜெயிக்கிறது? சுவையால் என்று நான் நினைக்கவில்லை. நன்றாக முற்றிய நம் மலைக்காய் சுவையில் யாருக்கும் தாழ்ந்ததில்லை. அது நாலு கிலோ அட்டைப் பெட்டியில் வருகிறது. பெட்டிமேல் 16 என்றோ 20 என்றோ போட்டிருக்கும். பதினாறு என்றால் உள்ளே பதினாறு காய்தான், எல்லாம் ஏறக்குறைய ஒரே எடை. வாங்கி வைத்தால் சில நாட்களில் எல்லாம் சேர்ந்து பழுக்கும். கடைக்காரருக்கு வேண்டியது இந்த நிச்சயம்தான். நாம் அனுப்புவது என்ன? ஒரு சாக்கு. அதில் இருநூறு கிராமும் இருக்கும், எழுநூறு கிராமும் இருக்கும், காம்பு பிய்ந்ததும் இருக்கும். எல்லாவற்றையும்விட மோசம், பாதிக் காய் முற்றியிருக்காது.

என் நெடுநாள் ஆதங்கம் இதுதான். மரத்தை மொத்தமாகக் குத்தகைக்குப் பேசி, முன்பணம் வாங்கிக்கொண்டு, பறிப்பை வியாபாரியின் ஆட்களிடம் விட்டுவிடுகிறோம். அவர்களுக்கு ஒரே நாளில் மரம் காலியாக வேண்டும். கிளையை உலுக்கி, கொக்கியால் இழுத்து, பிஞ்சு முற்றல் எல்லாவற்றையும் சேர்த்து இறக்குகிறார்கள். பட்டர் ஃப்ரூட் மரத்தில் பழுக்காது, பறித்த பிறகுதான் பழுக்கும். அதனால் பார்வைக்கு எல்லாம் ஒரே பச்சை. முற்றாத காய் பழுப்பதற்குப் பதில் சுருங்கி, ரப்பர் போல் ஆகி, கடைசியில் அழுகும். அதை ஒருமுறை காசு கொடுத்து வாங்கிய பெங்களூர்க்காரர் அடுத்த முறை தான்சானியாப் பழத்தைத்தான் கேட்பார். ஒரு காயால் ஒரு வாடிக்கையாளர் போகிறார். அடுத்த ஆண்டு வியாபாரி உங்களிடம் குறைத்துக் கேட்கும்போது அந்த நஷ்டத்தையும் சேர்த்துத்தான் கேட்கிறார்.

முற்றலைக் கண்டுபிடிப்பது எளிது. மரத்துக்கு இரண்டு மூன்று காயை வெட்டிப் பாருங்கள். கொட்டையை மூடிய தோல் வெளிறித் தடிப்பாக இருந்தால் பறிக்காதீர்கள். பழுப்பு நிறமாகிக் காகிதம்போல் மெலிந்திருந்தால் காய் முற்றிவிட்டது. இன்னும் திருத்தமாக வேண்டுமென்றால் 100 கிராம் சதையைத் துருவி, எடை குறைவது நிற்கும்வரை உலர்த்தி நிறுத்துப் பாருங்கள். மிஞ்சும் கிராம்தான் உலர்எடைச் சதவீதம். ஹாஸ் ரகத்துக்குக் கலிபோர்னியாவில் 21 சதவீதமும் ஆஸ்திரேலியாவில் 23 சதவீதமும் உலர்எடை கேட்கிறார்கள். நம் தோட்டங்களில் பெரும்பாலும் கொட்டை போட்டு முளைத்த மரங்கள். ஒவ்வொன்றும் ஒரு குணம். அதனால் மரம் மரமாகச் சோதித்து, மரத்தில் எண் எழுதி, ஒரு நோட்டில் குறித்துவையுங்கள். முற்றியதை மட்டும் இரண்டு மூன்று தடவையாகப் பறியுங்கள். கத்தரிக்கோலால் வெட்டி, சிறிது காம்பு விட்டுப் பறியுங்கள். காம்பு பிய்ந்த இடத்தில்தான் அழுகல் தொடங்கும்.

பிறகு எடைவாரியாக மூன்று தரம் பிரித்து, பிளாஸ்டிக் கிரேட்டில் அடுக்கி, கோயம்பேட்டிலோ பெங்களூரிலோ ஒரே ஒரு வியாபாரிக்குத் தொடர்ந்து அனுப்பிப் பாருங்கள். ஒரு பருவம் பொறுங்கள். தனியாக முடியாவிட்டால் பக்கத்துத் தோட்டக்காரர்களைச் சேர்த்துக்கொள்ளுங்கள். நாற்பதடி குளிர்பெட்டகம் ஒன்றுக்கே 20 டன் வேண்டும். ஒரே ரகத்தில், ஒரே வாரத்தில், ஒரே முற்றலில் அவ்வளவு காயை மலையில் எவராலும் இன்று சேர்க்க முடியாது. இனி புதிதாக நடுபவர்கள் தடியன்குடிசை ஆராய்ச்சி நிலையம் வெளியிட்ட டி.கே.டி.1 போன்ற ரகத்தின் ஒட்டுக்கன்றையே நடுங்கள். வடிகால் இல்லாத இடத்தில் எந்த ரகத்தையும் நடாதீர்கள், வேரழுகல் விடாது.

கேள்வி (பெருமாள்மலை): பிளம்ஸ் ஒரே சமயத்தில் வந்து விலை விழுகிறது. ஏற்றுமதிக்கு வாய்ப்பு உண்டா?

இல்லை. நம் பிளம்ஸ் வத்தலக்குண்டு இறங்குவதற்குள் கசிந்துவிடும். ஜாமும் ஸ்குவாஷும்தான் வழி. அதற்கும் வாங்குபவரை முதலில் பிடியுங்கள், பிறகு அடுப்பை வாங்குங்கள்.

கேள்வி (கோத்தகிரி): மகள் வெளிநாட்டில் இருக்கிறாள். விடுமுறைக்கு வரும்போது ப்ளூபெர்ரி குச்சிகள் சிலவற்றைப் பெட்டியில் வைத்துக் கொண்டுவரச் சொல்லியிருக்கிறேன். தேயிலை பிடுங்கிய அரை ஏக்கரில் நடலாமா?

கொண்டுவர வேண்டாம் என்று இன்றே மகளுக்குச் சொல்லிவிடுங்கள். இது சட்டவிரோதம். 2003-ஆம் ஆண்டுப் பயிர்த் தடுப்புக்காப்பு ஆணைப்படி நடவுப் பொருள் எதற்கும் முன் அனுமதி வேண்டும், அனுப்பும் நாட்டின் பயிர்நலச் சான்று வேண்டும், வந்த பிறகு தனிமையில் வைத்துக் கண்காணிக்கவும் வேண்டும். யாருக்கும் தெரியாமல் வந்த ஒரு குச்சியோடு எந்த வைரஸ் வந்தது என்று பத்து வருடம் கழித்துத்தான் தெரியும். அப்போது வேதனைப்படுவது உங்கள் அரை ஏக்கர் மட்டுமாக இருக்காது. மலைவாழைக்கு நோயால் என்ன நேர்ந்தது என்பதை அடுத்த பதிலில் படியுங்கள்.

கன்று இந்தியாவிலேயே கிடைக்கிறது. அதிகக் குளிர் தேவைப்படாத தென்பகுதி ஹைபுஷ் ரகங்களைக் கேளுங்கள். மண்ணின் அமிலநிலை (pH) 4.5-லிருந்து 5.5-க்குள் இருக்க வேண்டும். பழைய தேயிலை மண் இதற்குப் பெரும்பாலும் பொருந்தும், இருந்தாலும் பரிசோதித்துவிட்டு நடுங்கள். சந்தையைச் சொல்கிறேன். இன்று உலகத்திலேயே அதிகமாக ப்ளூபெர்ரி ஏற்றுமதி செய்யும் நாடு பெரு. பதினைந்து வருடங்களுக்கு முன் அங்கே சொல்லிக்கொள்ளும்படி ஒன்றும் இருக்கவில்லை. வறண்ட கடலோர மணலில் சொட்டுநீர் போட்டு வளர்த்தார்கள். அவர்களுடைய பழம் செப்டம்பர் முதல் நவம்பர் வரை உலகச் சந்தையை நிறைக்கும். அமெரிக்க ப்ளூபெர்ரிக்கான வரியை 2023-இல் குறைத்தோம். ஆஸ்திரேலிய ப்ளூபெர்ரிக்கான வரியும் கரைந்து வருகிறது. பெரு மும்முரமாக இருக்கும் மாதங்களில் உங்கள் பழம் வந்தால் விலையில் நிற்க முடியாது. வேறு மாதங்களில், பறித்த மறுநாள் கோவையிலும் பெங்களூரிலும் கொடுக்க முடிந்தால் நட்டுப் பாருங்கள், ஆனால் பத்து சென்டில் தொடங்குங்கள்.

கேள்வி (பண்ணைக்காடு): விருப்பாச்சி வாழைக்குப் புவிசார் குறியீடு கிடைத்து இத்தனை வருடமாகியும் வெளிநாட்டு ஆர்டர் ஏன் வரவில்லை?

விருப்பாச்சி, சிறுமலை என்னும் நம் மலைவாழை இரண்டுக்கும் 2008-இல் குறியீடு கிடைத்தது. குறியீடு பெயரைக் காக்கும். தாரை வளர்க்காது. உலகத்திலேயே அதிகமாக வாழை விளைவிக்கும் நாடு நாம்தான், ஆண்டுக்கு மூன்றரைக் கோடி டன் அளவில். வெளியே போவது அதில் நூற்றில் ஓரிரு பங்குதான். அதுவும் பெரும்பாலும் ஜி9 (கிராண்ட் நைன்) ரகம். நமக்குக் கீழே தேனிச் சமவெளியில் விளைவது, அரபு நாடுகளுக்குக் கப்பலேறுவது. கப்பல்காரருக்கு ஒரே அளவில் சீப்புகள் வேண்டும், வாராவாரம் வேண்டும்.

மலைவாழையிடம் அந்த அளவு இல்லாமல் போனதற்கு முடிக்கொத்து நோய்தான் காரணம். இலைகள் உச்சியில் கொத்தாகக் குறுகிப்போகும் வைரஸ் நோய் அது. கீழ்ப்பழனி மலையில் சுமார் 18,000 ஹெக்டேரில் இருந்த வாழை, எழுபதுகளில் தொடங்கிய அந்த நோயால் சில ஆயிரம் ஹெக்டேராகச் சுருங்கியது. நோயுள்ள பக்கக்கன்றைத் தெரியாமல் தோட்டம் தோட்டமாகக் கொடுத்து நாமும் பரப்பினோம், அசுவினிப் பூச்சியும் பரப்பியது. இன்றைக்கும் உறவுக்காரர் தோட்டத்திலிருந்து கன்று வாங்கி நடுபவர்கள் இருக்கிறார்கள். தயவுசெய்து வேண்டாம். வைரஸ் பரிசோதனை செய்த திசுவளர்ப்புக் கன்றை மட்டும் நடுங்கள். நோய் கண்ட மரத்தை இரக்கமில்லாமல் கிழங்கோடு அழியுங்கள். விற்பனைக்கு அடிவாரத்திலேயே பழனிப் பஞ்சாமிர்தம் இருக்கிறது. ஈரம் குறைந்த, நாளாகியும் கெடாத இந்தப் பழம்தான் அதற்கு உகந்தது. 2019-இல் பஞ்சாமிர்தத்துக்கும் குறியீடு கிடைத்துவிட்டது. அந்தத் தேவைக்கே நம்மால் கொடுத்து முடியவில்லை என்னும்போது வெளிநாட்டு ஆர்டருக்கு ஏங்குவானேன்?

கேள்வி (குன்னூர்): ஸ்ட்ராபெர்ரியில் மகாபலேஸ்வரத்தோடு போட்டி போட முடியுமா?

டிசம்பரிலிருந்து மார்ச் வரை முடியாது. நாட்டின் ஸ்ட்ராபெர்ரியில் பெரும்பங்கு அங்கேதான் விளைகிறது, அந்த மாதங்களில் விலை அவர்கள் கையில். மற்ற மாதங்களில் அவர்களிடம் பழம் குறைவு, உங்களிடம் குளிர் இருக்கிறது. மழைக்கூரை போட்டு அந்த மாதங்களைப் பிடியுங்கள். முக்கால்வாசி சிவந்ததும் காம்போடு பறியுங்கள். பறித்த ஒரு மணி நேரத்துக்குள் குளிரில் வையுங்கள்.

கேள்வி (கூக்கால்): மருந்துக் கடைக்காரர் சொன்ன வளர்ச்சி ஊக்கியை அடித்தால் காய் பெரிதாகும் என்கிறார். பேரிக்காய்க்கு அடிக்கலாமா?

டப்பாமேல் பேரிக்காய் என்று எழுதியிருக்கிறதா? இல்லையென்றால் அடிக்காதீர்கள். 2010-இல் மகாராஷ்டிர திராட்சைக்கு ஐரோப்பாவில் என்ன நேர்ந்தது என்று கேட்டுப் பாருங்கள். குளோர்மெக்வாட் என்ற வளர்ச்சிக் கட்டுப்படுத்தியின் எச்சம் அதிகம் என்று பெட்டகம் பெட்டகமாக மறுத்தார்கள், விவசாயிகள் கடனில் விழுந்தார்கள். அடித்த மருந்து, தேதி, அளவு எல்லாம் நோட்டில் இருக்கட்டும். பில் வாங்காமல் மருந்து வாங்காதீர்கள்.

கேள்வி (கோத்தகிரி, இன்னொருவர்): காட்டோரத்துத் தவிட்டுப்பழத்துக்கு வெளிநாட்டில் மதிப்பு உண்டா?

உண்டு. வியட்நாமில் ஃபூகுவாக் தீவில் இதே பழத்தில் மது தயாரித்துச் சுற்றுலாப் பயணிகளுக்கு விற்கிறார்கள். அதற்காக வனத்துறை நிலத்தில் கூடையோடு நுழையாதீர்கள். சொந்த நிலத்து வேலியோரம் விதை போட்டு வளர்த்துப் பாருங்கள்.

கேள்வி (தாண்டிக்குடி, இன்னொருவர்): பட்டர் ஃப்ரூட்டைச் சீக்கிரம் பழுக்க வைக்கக் கார்பைட் கல் வைக்கலாமா?

கூடாது. தடை செய்யப்பட்டது, வைப்பவரின் உடம்புக்கும் கேடு. எத்திலீன் வாயுவுக்கு அனுமதி உண்டு, 100 பிபிஎம் (பத்து லட்சத்தில் நூறு பங்கு) வரை, மூடிய அறையில். முற்றாத காயை எத்திலீனும் காப்பாற்றாது. கொட்டைத் தோலைப் பார்த்துப் பறித்திருந்தால், நிழலில் வைத்த காய் ஒரு வாரத்தில் தானாகவே பழுக்கும்.