முன்பக்கம் ஓட்ஸ், பின்பக்கம் மைதா

கேள்வி: என் மகளுக்கு ஓட்ஸும் உலர் திராட்சையும் போட்ட குக்கீஸ் என்றால் உயிர். மாதம் ஆறேழு பாக்கெட் தீர்கிறது. ஓட்ஸ் நல்லதுதானே என்று நானும் வாங்கிக் கொடுக்கிறேன். வீட்டிலேயே செய்தால் கட்டுப்படியாகுமா? (மதுரை வாசகி)

பதில்: முதலில் அந்தப் பாக்கெட்டைத் திருப்பிப் பாருங்கள். சேர்மானங்களை எடை வரிசையில்தான் அச்சிட வேண்டும். அதிகம் உள்ளது முதலில் வரும். நான் கடைசியாகத் திருப்பிப் பார்த்த பாக்கெட்டில் முதலில் நின்றது ‘சுத்திகரித்த கோதுமை மாவு’. மைதாவுக்குப் பட்டுப் புடவை கட்டினால் இந்தப் பெயர்! அதன் பின்னால் சர்க்கரை, பாமாயில். ஓட்ஸுக்கு நான்காவது இடம். ஒரு பொருளின் பெயரையோ படத்தையோ காட்டி விற்றால் அது எத்தனை சதவீதம் என்றும் சொல்லியாக வேண்டும் என்பது விதி. பொடி எழுத்தில் இருக்கும், கண்ணாடி போட்டுக்கொண்டு தேடுங்கள்.

வீட்டில் செய்ய என் கணக்கு இது: வெண்ணெய் 100 கிராம், நாட்டுச் சர்க்கரை 100, முட்டை ஒன்று, மைதா 90, ஓட்ஸ் 120, உலர் திராட்சை 75, ஆப்ப சோடா அரைத் தேக்கரண்டி, கொஞ்சம் பட்டைத் தூள். 175 டிகிரியில் பத்துப் பன்னிரண்டு நிமிடம். ஓரம் சிவந்து நடு இன்னும் மெத்தென்று இருக்கும்போதே வெளியே எடுத்துவிடுங்கள், ஆறும்போது இறுகிவிடும். சுமார் 20 வரும்.

செலவைத் தூக்குவது வெண்ணெய்தான். பாமாயில் பாக்கெட்டோடு விலையில் போட்டி போட்டால் தோற்பீர்கள். பேக்கரியில் எடை போட்டு விற்கும் வெண்ணெய்க் குக்கீஸோடு ஒப்பிட்டால் மிச்சம்தான். ஆனால் வெண்ணெயும் சர்க்கரையும் சேர்ந்தே 200 கிராம் ஆகிறது. ஆகவே வீட்டில் செய்தாலும் இது பலகாரம்தான், பத்தியச் சாப்பாடு அல்ல.

கேள்வி: செய்து பார்த்தேன். எல்லாம் உருகி ஒன்றோடொன்று ஒட்டி, தட்டு முழுக்க ஒரே தோசையாகிவிட்டது. ஓட்ஸும் களிபோல் குழைந்திருந்தது. அளவெல்லாம் சரியாகத்தான் போட்டேன். (கோவை வாசகர்)

பதில்: அளவு சரி, வாங்கியதில்தான் கோளாறு என்று நினைக்கிறேன். மூன்று நிமிடத்தில் வெந்துவிடும் என்று விற்கும் ஓட்ஸ் கஞ்சிக்கு நல்லது. மெல்லியதாக நசுக்கி, நறுக்கியிருப்பதால் ஈரம் பட்டதும் குழைந்துவிடும். ‘ரோல்டு ஓட்ஸ்’ என்று கேட்டு வாங்குங்கள். இதழ் முழுதாக, அவலைப்போல் கனமாக இருக்கும். ‘ஸ்டீல் கட்’ என்பது நொய். இதில் போட்டால் பல்லைப் பதம் பார்க்கும். மசாலா ஓட்ஸ் வாங்கிவிட்டுத் தலையில் கை வைத்தவர்களும் உண்டு.

வெண்ணெய் என்று நினைத்து ‘ஃபேட் ஸ்ப்ரெட்’ வாங்கியிருக்கிறீர்களா? அதே அலமாரி, அதே மஞ்சள் அட்டை. வெண்ணெயில் பால் கொழுப்பு 80 சதவீதமாவது இருக்க வேண்டும். ஸ்ப்ரெட்டில் பெரும்பாலும் கொழுப்பு குறைவு, தண்ணீர் அதிகம். அதனால்தான் ஓடுகிறது. நல்ல வெண்ணெயே ஆனாலும், பிசைந்த மாவை அரை மணி நேரம் குளிர்பெட்டியில் வைத்துவிட்டு உருட்டுங்கள். உப்பு வெண்ணெய் என்றால் தனியாக உப்பு வேண்டாம்.

கேள்வி: மளிகைக் கடையில் சில்லறையாக வாங்கிய கறுப்பு உலர் திராட்சை முழுக்க விதை. திருப்பி எடுக்க மாட்டேன் என்கிறார் கடைக்காரர். (திருச்சி வாசகி)

பதில்: ‘விதை இல்லாதது’ என்று கேட்டு வாங்கினீர்களா, பில் இருக்கிறதா? இரண்டும் உண்டென்றால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் சொல்லலாம். நூறு கிராம் திராட்சைக்காக அவ்வளவு தூரம் போவதா என்பது உங்கள் விருப்பம். பில் இல்லையென்றால் பாயசத்திலும் போட வேண்டாம், ஊறவைத்துப் பிழிந்து சாறாகக் குடித்துவிடுங்கள். அடுத்த முறை எடை போடுமுன் ஒன்றை வாயில் போட்டுக் கடித்துப் பாருங்கள். பளபளக்கும் பொன்னிறத் திராட்சை பெரும்பாலும் கந்தகப் புகை காட்டியது. பாக்கெட்டில் 220 என்ற எண் இருந்தால் அதுதான். ஆஸ்துமா உள்ளவர்கள் வீட்டில் அதைத் தவிர்ப்பது நல்லது.