ஊமைப்படம் ஏன் இவ்வளவு வேகமாக ஓடுகிறது?

வணக்கம். ஊமைப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனின் 'ஒன் வீக்' (1920) படத்தை மகனுக்கு யூடியூபில் காட்டியதாகவும், எல்லோரும் சாவி கொடுத்த பொம்மை மாதிரி ஓடுவதால் அவன் பாதியில் எழுந்து போய்விட்டதாகவும் எழுதியிருக்கிறீர்கள். குறை படத்தில் இல்லை, பிரதியில்தான் இருக்க வேண்டும்.

அன்று கேமராவைக் கையால்தான் சுற்றினார்கள். வினாடிக்கு 16 பிரேம் (அசையாத ஒற்றைப் படம்), 20 பிரேம் என்று ஆளுக்கு ஆள் மாறும். அதை இன்றைய 24 பிரேமில் ஓட்டினால் நடப்பவர் ஓடுவார், ஓடுபவர் பறப்பார். யூடியூபில் வேகத்தை 0.75 என்று வையுங்கள், 18 பிரேமுக்கு வந்துவிடும். அதற்குக் கீழே போகாதீர்கள், ஏனென்றால் சிரிப்புப் படங்களில் வேண்டுமென்றே கொஞ்சம் மெதுவாகச் சுற்றி, திரையில் ஒரு துறுதுறுப்பு வரும்படி எடுப்பது வழக்கம். அதையும் துடைத்துவிட்டால் அடி விழுவதும் வழுக்கி விழுவதும் சோர்ந்து போகும்.

அப்புறம், படத்தில் புதுமணத் தம்பதி எண் போட்ட பெட்டிகளில் வந்த பாகங்களை வரிசைப்படி பூட்டித் தங்கள் வீட்டைக் கட்டுவார்கள். தொடக்கத்தில் மணமகளை விரும்பிய இன்னொருவன் அந்தப் பெட்டிகளின் எண்களை மாற்றி எழுதுவான். அங்கே படத்தை நிறுத்தி மகனுக்கு விளக்குங்கள், இல்லாவிட்டால் வீடு ஏன் கோணலாக நிற்கிறது என்றே அவனுக்குப் புரியாது.

கடைசியில் வீடு தண்டவாளத்தில் மாட்டிக்கொள்ளும். ரயில் பாய்ந்து வரும், பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடும், அப்பாடா என்று மூச்சு விடுவதற்குள் எதிர்ப்பக்கத்திலிருந்து இன்னொன்று வரும். அந்த இடத்தில் மட்டும் தயவுசெய்து முன்கூட்டியே எதையும் சொல்லிவிடாதீர்கள், அவன் முகத்தைப் பாருங்கள்.