கேளுங்க, சொல்றோம்

பாம்பன் வாசகர்: பிரெஞ்சுக்காரங்கன்னா எல்லாரும் நெப்போலியன் பேரத்தான் சொல்றாங்க, நம்ம கடக்கரை புள்ளைங்க தெரிஞ்சிக்க வேண்டிய ஆளு வேற யாருண்ணே?

ஃப்ரெனெல்தான் தம்பி, யோசிக்கவே வேணாம். ரோடு போடுற இன்ஜினியர், உடம்பு எப்பவும் சரியில்லாத மனுசன். வெளிச்சம் அலையாத்தான் போகுதுன்னு எழுதி பாரிஸ் அறிவியல் அகாடமி போட்டிக்கு அனுப்புனாரு, ஜட்ஜ்ல ஒருத்தரான புவாசோன், இது சரின்னா வட்டத் தகடு நிழலுக்கு நட்டநடுவுல ஒரு வெளிச்சப் புள்ளி தெரியணுமே, அது நடக்கிற காரியமான்னு மடக்கப் பாக்க, இன்னொரு ஜட்ஜான விஞ்ஞானி அராகோ செஞ்சே பாத்துட்டாரு, புள்ளி தெரிஞ்சிருச்சு! 1819ல பரிசு. அப்புறம்தான் வளையம் வளையமா கண்ணாடிய அடுக்குன லைட்ஹவுஸ் லென்ஸ், 1823ல பிரான்ஸ் கடலோரத்து கோர்துவான் கலங்கரை விளக்கத்துல எரிஞ்சிது. எடை கம்மி, சிதறுற வெளிச்சத்தையும் சேத்துத் திருப்பி தூரமா கடலுக்குள்ள அனுப்பும். ராத்திரி வலைக்குப் போறவங்களுக்கு அதோட அருமைய நான் சொல்லணுமா? 1827ல காசநோய்ல போயிட்டாரு, 39 வயசுதான், நெனச்சா மனசு ஆறல.

அந்த அராகோவும் லேசுப்பட்டவர் இல்ல, 1848ல கடற்படை மந்திரி, பிரெஞ்சுக் காலனிகள்ல அடிமைமுறைய ஒழிச்ச அரசாங்கத்துல இருந்தவரு.

கீழக்கரை வாசகி: முதுகுல சிலிண்டர் கட்டி முங்குறது யாரு கண்டுபிடிச்சது?

1943ல பிரெஞ்சுக் கடற்படை அதிகாரி குஸ்தோவும் இன்ஜினியர் கான்யானும் செஞ்ச அக்வாலங்தாம்மா அதுக்கு வழி போட்டுச்சு. மூச்சு இழுக்கிற அளவுக்கு மட்டும் காத்து விடுற வால்வுதான் அதுல விசேஷம், மூச்சடக்கி சங்கு குளிக்கிற ஊர்க்காரங்களுக்கு அது எவ்ளோ பெருசுன்னு புரியும். கடலடில எடுத்த படத்துக்கு 1956ல கான் திரைப்பட விழாவோட பெரிய பரிசும் குஸ்தோ வாங்குனாரு.