கல்யாண வீடியோவிலிருந்து சினிமா எடிட்டிங்குக்கு

கேள்வி: மூன்று வருஷமாகக் கல்யாண வீடியோ எடிட் பண்ணுகிறேன். பிரீமியர் எடிட்டிங் மென்பொருள் நன்றாகத் தெரியும். சீரியல், சினிமா பக்கம் போக என்ன செய்ய வேண்டும்?
– வாசகர், தக்கலை

பதில்: படிக்க விருப்பம் என்றால், சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் பிளஸ் டூ முடித்தவர்களுக்கு படத்தொகுப்பில் 4 ஆண்டுப் பட்டப்படிப்பு இருக்கிறது. டிகிரி இருந்தால் புனேயிலும் கொல்கத்தாவிலும் உள்ள மத்திய அரசு நிறுவனங்களுக்கு நுழைவுத் தேர்வு எழுதலாம்.

படிக்காமலும் அசிஸ்டென்டாகச் சேரலாம். ஆனால் ஆரம்பத்தில் கட் பண்ணத் தர மாட்டார்கள். ஃபுட்டேஜ் காப்பி எடுப்பது, தனியாக ரெக்கார்ட் ஆன சத்தத்தைப் படத்தோடு பொருத்துவது (சவுண்ட் சிங்க்), சீன், ஷாட், டேக் வாரியாகப் பிரித்து வைப்பது, இவைதான் வேலை. ஷாட் தொடங்கும்போது தட்டும் கிளாப் பலகை மூடும் ஃப்ரேமையும் (வீடியோவின் ஒரு தனிப் படம்) ஆடியோவில் அந்தச் சத்தம் எகிறும் இடத்தையும் நேராக வைக்க வேண்டும். நொடிக்கு 25 ஃப்ரேம் என்றால் ஒரு ஃப்ரேம் 40 மில்லி செகண்ட். இரண்டு மூன்று ஃப்ரேம் தள்ளினாலே உதடும் பேச்சும் ஒட்டாது.

பெரிய நஷ்டம் வருவது காப்பியில்தான். கார்டில் இருந்து கிளிப்பை மட்டும் இழுத்துப் போடாதீர்கள். கார்டின் ஃபோல்டர் முழுவதையும் இரண்டு தனித்தனி ஹார்ட் டிஸ்க்கில் ஏற்றுங்கள். தம்ப்நெயில் தெரிந்தால் போதாது, காப்பி பாதியில் நின்ற ஃபைலுக்கும் சில சமயம் அது தெரியும். செக்சம் (ஃபைலின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் சரிபார்ப்பு எண்) ஒப்பிடும் மென்பொருளில் இரண்டு காப்பியும் தேறிய பிறகே கார்டை ஃபார்மட் பண்ண விடுங்கள்.

கல்யாண எடிட்டருக்குக் கைவராதது வசனக் காட்சி. கல்யாண வீடியோவில் ஷாட் மாறும் ஒவ்வொரு வெட்டையும் பாட்டு மறைத்துவிடும், வசனத்தில் அது நடக்காது. முட்டம் கடற்கரையில் இரண்டு பேர் பேசுவதை எடுத்து வெட்டிப் பாருங்கள்: ஒவ்வொரு கட்டிலும் அலைச் சத்தம் துண்டு துண்டாகக் குதிக்கும். யாரும் பேசாமல் ஒரு நிமிஷம் அலையை மட்டும் ரெக்கார்ட் செய்து, அதைக் காட்சி முழுக்க அடியில் ஓட விடுங்கள். பேசுகிறவர் முகத்திலேயே நிற்காமல், அவர் முடிப்பதற்கு முன்பே கேட்கிறவர் முகத்துக்குப் போங்கள். பேச்சு மட்டும் தொடரட்டும். வாய்ப்புக் கேட்டுப் போகும்போது எஃபெக்ட் போட்ட கல்யாண ஹைலைட்டை விட, இப்படி வெட்டிய இரண்டு நிமிஷக் காட்சிதான் உங்களுக்காகப் பேசும்.

கேள்வி: ஃபோனில் எடுத்த மேடைப் பேச்சில், தனியாக ரெக்கார்ட் செய்த ஆடியோ போகப் போக விலகுகிறதே?
– வாசகி, கருங்கல்

பதில்: வெளிச்சம் குறையும்போது ஃபோன் ஃப்ரேம் ரேட்டை மாற்றிக்கொண்டே இருக்கும், பல எடிட்டிங் மென்பொருள்கள் அதை ஒரே வேகம் என்று எடுத்துக்கொள்ளும். ஹேண்ட்பிரேக் (HandBrake) என்ற வீடியோ மாற்றும் மென்பொருளில் 'கான்ஸ்டன்ட் ஃப்ரேம் ரேட்' தேர்ந்து, ஃபோனில் நொடிக்கு 30 ஃப்ரேம் என்று எடுத்திருந்தால் 30-லேயே மாற்றி, பிறகு டைம்லைனில் போடுங்கள். அதன் பிறகும் சிறிது விலகினால், பேச்சின் தொடக்கத்தில் ஒருமுறை, முடிவில் ஒருமுறை ஃபோன் ஆடியோவிலும் தனி ஆடியோவிலும் கைதட்டல் சத்தத்தை ஒப்பிட்டு, தனி ஆடியோவின் நீளத்தை அதற்கேற்ப சரிசெய்யுங்கள்.