நூறு ரூபாயின் எடை

அன்புள்ள ஐயா,

விஜய் டிவியில் வந்த 'லொள்ளு சபா'வைச் சமூக விமர்சனம் என்று போன வாரம் எழுதியிருந்தீர்கள். ராம்பாலா குழு செய்தது சினிமாக் கிண்டல்தானே? இங்கிலாந்தில் பொம்மைகளை வைத்துப் பிரதமரையே கலாய்த்திருக்கிறார்கள். நம்மவர்கள் கதாநாயகனின் பஞ்ச் டயலாக்கைத் தாண்டவில்லை. கொஞ்சம் அதிகமாகப் புகழ்ந்துவிட்டீர்களோ?

ஒரு வாசகர், திருமங்கலம்

அன்புள்ள நண்பருக்கு,

இல்லை. ஏன் என்று சொல்ல உசிலம்பட்டிப் பக்கம் ஒருநடை போய்வர வேண்டும்.

எங்கள் ஊர்த் திருவிழாவுக்கு மதுரையிலிருந்து ஸ்பெஷல் நாடகம் வரும். வள்ளி திருமணம். முருகன் மேடையேற நள்ளிரவு தாண்டிவிடும். அதுவரை பபூன் ராஜ்ஜியம்தான். ஒரு வருஷம் பபூன் எங்கள் ஊர் மளிகைக்கடையின் குறைந்த எடையைக் கிண்டலுக்குப் பிடித்துக்கொண்டார். யாரோ சாயங்காலமே காதில் போட்டிருக்க வேண்டும். கடைக்காரர் முன்வரிசையில்தான் உட்கார்ந்திருந்தார். கூட்டத்தோடு தானும் சிரித்து, நூறு ரூபாய் அன்பளிப்பு கொடுத்தனுப்பினார். வாயை அடைக்கத்தான். பபூன் மைக்கில் பெயர் சொல்லி நன்றி சொன்னார். அப்புறம் நோட்டை உள்ளங்கையில் வைத்து மேலும் கீழும் ஆட்டிப் பார்த்துவிட்டு, "நூறுன்னுதான் குடுத்தாக... தொண்ணூறுதான் தேறும் போல" என்றார். சிரித்த சிரிப்பில் ஆர்மோனியக்காரருக்குச் சுதியே விட்டுப்போனது.

நையாண்டியை நிறுக்க நான் வைத்திருக்கும் தராசு இதுதான்: காசு கொடுக்கிற கையைக் கடிக்கிறதா?

நீங்கள் சொல்லும் 'ஸ்பிட்டிங் இமேஜ்' 1984 முதல் 1996 வரை ஐடிவி என்ற தனியார் சேனலில் ஓடியது. பிரதமர் தாட்சருக்கு ஆண்பிள்ளைக் கோட்டை மாட்டிவிட்டார்கள். அதனாலேயே அவருக்கு 'உறுதியானவர்' என்ற பிம்பம் கூடியது என்பாரும் உண்டு. அடி விழுந்தது லிபரல் கட்சித் தலைவர் டேவிட் ஸ்டீலுக்கு. கூட்டணிக் கட்சியின் தலைவர் டேவிட் ஓவனின் சட்டைப்பையிலிருந்து எட்டிப்பார்க்கும் குட்டிப் பொம்மையாக அவரைக் காட்டினார்கள். அது தன் பெயரைக் கெடுத்தது என்று அவரே சொல்லியிருக்கிறார். நல்ல நிகழ்ச்சிதான். ஆனால் பிரதமர் ஒன்றும் அந்தச் சேனலுக்குச் சோறு போட்டவர் இல்லை.

1989-இல் பஞ்சாபி நகைச்சுவைக் கலைஞர் ஜஸ்பால் பட்டி தன் 'ஃப்ளாப் ஷோ' தொடரில் அரசு ஊழியர்களின் பொய் மருத்துவ பில்களைச் சந்திக்கு இழுத்தார். எங்கே? அரசாங்கத்தின் தூர்தர்ஷனிலேயே. அதற்கு என் மதிப்பெண் கூடுதல்.

இப்போது 'லொள்ளு சபா'வுக்கு வாருங்கள். தமிழ்ச் சேனல்களுக்குச் சோறு சினிமா. தீபாவளிக்குப் படம், பொங்கலுக்கு நடிகர் பேட்டி. அங்கேயே உட்கார்ந்துகொண்டு அந்தப் படங்களை, காட்சி காட்சியாக, மனோகரின் ஆட்டத்தோடும் சுவாமிநாதனின் முழியோடும் உரித்தார்கள். அதுவும் சினிமாவிலிருந்து முதலமைச்சர்களை எடுத்துக்கொண்ட மாநிலத்தில்! அரசியலுக்குள் அதிகம் போகாதது குறைதான், சரி. ஒத்துக்கொள்கிறேன்.

மளிகைக்கடை எடை அப்புறம் சரியானதா என்று கேட்பீர்கள். ஆகவில்லை. ஆனால் அன்றிலிருந்து கடைக்காரர் பெயர் 'தொண்ணூறு'. கடை இப்போது மகன் கையில். பெயர்ப்பலகையில் என்ன எழுதியிருந்தாலும், பஸ்ஸைவிட்டு இறங்கி 'தொண்ணூறு கடை' என்று கேட்டால்தான் வழி சொல்வார்கள்.