ஈழமும் 2009 தேர்தலும்

அன்புள்ள ஐயா,

2009 மக்களவைத் தேர்தலில் தமிழ்நாட்டின் 39 தொகுதிகளில் 27 தொகுதிகளை திமுக-காங்கிரஸ் கூட்டணி ஜெயித்தது. முள்ளிவாய்க்காலில் குண்டு விழுந்துகொண்டிருந்த நாட்களில் போட்ட ஓட்டு அது. நம் மக்களுக்கு ஈழம் ஒரு பொருட்டே இல்லை என்றுதானே அர்த்தம்?

ம., தஞ்சாவூர்

அன்புள்ள ம.,

இல்லை. மே 13 அன்று வாக்காளர் முன்னால் என்ன இருந்தது என்று பாருங்கள். போர் என்றால் மக்கள் சாவதைத் தவிர்க்க முடியாது என்று ஜனவரியில் பேசிய ஜெயலலிதா, ஏப்ரல் கடைசியில் தனி ஈழமே தீர்வு என்றார். அவர் அணியிலிருந்த மார்க்சிஸ்டுகளுக்கு அதில் உடன்பாடே கிடையாது. ஈழத்துக்காகக் குரல் கொடுத்த திருமாவளவனோ காங்கிரஸ் இருந்த அணியில் நின்றார். பாமக மார்ச் வரை மத்திய அமைச்சரவையில் இருந்துவிட்டு அணி மாறியது. போரை நிறுத்தச் சொல்ல நினைத்தவர் எந்தப் பொத்தானை அழுத்துவது?

எனக்கு ஆறாத கோபம் 2008 அக்டோபர் மேல்தான். இரண்டு வாரத்தில் போர்நிறுத்தம் வராவிட்டால் தமிழக எம்.பி.க்கள் ராஜினாமா செய்வார்கள் என்று அக்டோபர் 14 அனைத்துக் கட்சிக் கூட்டம் தீர்மானம் போட்டது. கொட்டும் மழையில் சென்னையில் மனிதச் சங்கிலி நின்றது. புலிகளின் தலைமையிடமான கிளிநொச்சி அப்போது விழவில்லை. மன்மோகன் சிங் அரசு ஜூலையில்தான் 275-256 என்று நம்பிக்கை வாக்கெடுப்பில் தப்பியிருந்தது. அந்தக் கணக்கில் திமுக எம்.பி.க்களுக்கு என்ன எடை என்று டெல்லிக்குத் தெரியும். வெளியுறவு அமைச்சர் பிரணாப் முகர்ஜி சென்னைக்கு வந்து கருணாநிதியைப் பார்த்தார். ராஜினாமா பேச்சு அதோடு முடிந்தது.

அப்புறம் நடந்ததெல்லாம் கோபத்தை அடக்கும் வேலை. 2009 ஜனவரி 29 அன்று போரை நிறுத்தக் கோரி முத்துக்குமார் என்ற இளைஞர் தீக்குளித்தார். மாணவர்கள் தெருவுக்கு வந்ததும் கல்லூரிகளை மூடினார்கள். ஏப்ரல் 27 காலை அண்ணா நினைவிடத்தில் உண்ணாவிரதம் தொடங்கிய கருணாநிதி, கனரக ஆயுதங்களைப் பயன்படுத்த மாட்டோம் என்ற கொழும்பின் அறிவிப்பை ஏற்று மதியத்துக்குள் முடித்துக்கொண்டார். குண்டுவீச்சு நிற்கவில்லையே என்று கேட்டபோது, மழை விட்டும் தூவானம் விடவில்லை என்றார். தூவானத்தில் செத்தவர்கள் ஆயிரக்கணக்கானோர்.

கோபம் ஓட்டாகவே மாறவில்லை என்றும் சொல்ல மாட்டேன். சேலத்தில் தங்கபாலு, ஈரோட்டில் இளங்கோவன், மயிலாடுதுறையில் மணிசங்கர் அய்யர் என்று காங்கிரஸின் பெரிய பெயர்கள் தோற்றன. ஆனால் ஈழத்தையே பேசிவந்த வைகோவும் விருதுநகரில் ஒரு காங்கிரஸ்காரரிடம் தோற்றார். இதை வைத்து மக்கள் மனசில் ஈழம் இல்லை என்று நீங்கள் எப்படிச் சொல்கிறீர்கள்?